மிலானோவில் இருக்கும் மகளுக்கு

பலெர்மோ

அன்புள்ள மகளுக்கு,

நகைச்சுவை நடிகர் மாச்சோ கபதோந்தாவின் ‘இத்தாலியானோ மெதியோ’ (சராசரி இத்தாலியன்) படத்துண்டை அனுப்பி, “இது வெறும் விசர்க்கூத்து அப்பா” என்று எழுதியிருந்தாய். விசர்க்கூத்துத்தான், ஆனால் கணக்கோடு ஆடுகிற கூத்து. மூளையை முழுதாக வேலைசெய்ய வைக்கும் மாத்திரை பற்றிய அமெரிக்கப் படத்தை அவர் தலைகீழாக்கி, மாத்திரை விழுங்கியவனின் மூளையை 20 வீதத்திலிருந்து 2 வீதத்துக்கு இறக்குகிறார். இறங்கிய பிறகுதான் அவனுக்குக் கவலை போய் வாழ்க்கை இனிக்கிறது. யாருடைய பெயரும் சொல்லாததால் யாரும் வழக்குப் போட முடியாது.

பெயர் சொன்னவர்களுக்கு நடந்தது வேறு. 2003 நவம்பரில் நையாண்டிக் கலைஞர் சபீனா குஸ்ஸாந்தி அரச தொலைக்காட்சியான ராய் 3இல் ‘ராயோட்’ நிகழ்ச்சியைத் தொடங்கி, மூன்று தனியார் அலைவரிசைகளின் சொந்தக்காரரான பெர்லுஸ்கோனியே பிரதமராகவும் இருப்பதைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார். அந்த அலைவரிசைகளை நடத்தும் அவரது மெதியாசெத் நிறுவனம் 20 மில்லியன் யூரோ நட்டஈடு கேட்டது; நிகழ்ச்சி முதல் நாளோடு நின்றது. சபீனாவின் தம்பி கொர்ராதோவோ 1997இலேயே, விடை உனக்குள்ளேதான் இருக்கிறது, ஆனால் அது பிழையான விடை என்று உபதேசிக்கும் குவேலோ என்ற சாமியாராக வந்து, எவர் கையிலும் சிக்காமல் எல்லாரையும் இடித்துவிட்டுப் போனார்.

ஆனாலும் என் மனதில் இவர்களுக்கெல்லாம் மேலே இருப்பது நம் ஊர்க்காரரான சிப்ரீயும் மரேஸ்கோவும் தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எடுத்த ‘சீனிக்கோ டிவி’தான். பலெர்மோவின் புறநகர்ப் பொட்டல்வெளியில், கறுப்பு வெள்ளையில், உள்ளாடையோடு நிற்கும் ஆண்களிடம் முகம் காட்டாத ஒரு குரல் மரியாதையாகக் கேள்வி கேட்கும். அவர்கள் பதில் தெரியாமல் நெடுநேரம் கமராவையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நான் வேலைசெய்த வீட்டு சிஞ்ஞோரா, ஊர் மானம் போகிறது என்று உடனே அலைவரிசையை மாற்றிவிடுவார். மாற்றிய இடத்தில் மினுங்கும் உடுப்போடு பெண்கள் ஆடிக்கொண்டிருப்பார்கள். அதில் அவருக்கு மானக்கேடு எதுவும் தெரியவில்லை. அந்த மினுக்கத்துக்கு எதிராக ஒரு வசனமும் பேசாமல், வண்ணத்தையும் வேகத்தையும் எடுத்துவிட்டு, தொலைக்காட்சி ஒளித்துவைத்த மனிதரைக் கொண்டுவந்து நிறுத்தியதைவிடக் கூர்மையான நையாண்டியை நான் இந்த நாட்டில் பார்க்கவில்லை.

விடுமுறை நாளில் தேடிப் பார். உன் மிலானோத் தோழிகளுக்கு அந்தப் பலெர்மோப் பேச்சு விளங்காது. நீதான் பக்கத்தில் இருந்து இத்தாலியனில் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கும்.

அன்புடன்,
அப்பா