மனுவுக்கும் பதவிக்காலம் உண்டு

மயூர் விகார், தில்லி

அன்புள்ள சேது,

உன் நாடகப் பிரதி வந்து மூன்று வாரம் ஆகிவிட்டது. பதில் போடாததற்கான திட்டுகளை நேரில் வாங்கிக்கொள்கிறேன். இங்கே எல்லாரும் சௌக்கியம். பட்டாபி இன்னும் அதே ஸ்வெட்டரில்தான் இருக்கிறான்.

நாட்டைத் துறந்த ராஜா காலத்தை ஆள்கிறான் என்ற கரு பிரமாதம். ஆனால் அந்த ராஜா மனுவாகி முடிவே இல்லாமல் ஆள்கிறானே, அங்கேதான் சறுக்கிவிட்டாய். மனு என்பது, புராணக் கணக்கில் ஒரு காலகட்டத்துக்குத் தலைவனாக இருக்கிற ஒரு பதவிடா. இந்த ஊரில் மந்திரி மாறினால் பி.ஏ. முதல் டிரைவர் வரை மாறுகிற மாதிரி, மனு மாறினால் இந்திரன், சப்தரிஷிகள், தேவகணங்கள் எல்லாருமே மாறிவிடுவார்கள்.

ஒரு கல்பம், அதாவது பிரம்மாவின் ஒரு பகல், ஆயிரம் மகாயுகம். நாலு யுகமும் சேர்ந்தது ஒரு மகாயுகம். ஒரு கல்பத்துக்கு 14 மனுக்கள். ஆளுக்கு 71 மகாயுகம், அதாவது 30,67,20,000 வருஷம். உன் சித்திரகுப்தன் 14-ஐ 71-ஆல் பெருக்கி ‘ஆயிரம்’ என்று கூவுகிறான். 994தான்டா வரும்! மீதி ஆறு மகாயுகமும் சந்திகளில், அதாவது மனுக்களுக்கு இடையே வரும் இடைவெளிகளில் இருக்கிறது. ஒவ்வொரு மனுவின் முடிவிலும் 17,28,000 வருஷம், ஒரு கிருதயுக அளவு, உலகம் வெள்ளத்தில் கிடக்கும். கல்பத் தொடக்கத்திலும் ஒரு சந்தி உண்டு. அதை மறந்து 14 என்று போட்டால் கணக்கு இடிக்கும். 15 சந்தி என்றால் 2,59,20,000 வருஷம், கச்சிதமாக ஆறு மகாயுகம். இது சூரிய சித்தாந்தம் என்ற பழைய வானியல் நூலின் கணக்கு. வானியல் அறிஞர் ஆரியபடர் மனுவுக்கு 72 மகாயுகம் கொடுத்துக் கல்பத்தையே 1,008 ஆக்கிவிட்டார். இரண்டையும் ஒரே வசனத்தில் கலக்காதே. ராஜாவே இல்லாத அந்த வெள்ளக் காலம்தான் உன் காட்சிகளுக்கு நடுவே விழவேண்டிய திரை. அதை விட்டுவிட்டுப் புகை மெஷின் எதற்கு?

கலி வருஷத்திலும் ஒன்று உதைக்கிறது. கலியுகம் கி.மு. 3102-இல் தொடங்கியதாகக் கணக்கு. முழுதாகக் கழிந்த ஆண்டு வேண்டுமானால், சித்திரை பிறந்த பிறகு, ஆங்கில ஆண்டோடு 3101-ஐக் கூட்டு. நடப்பு ஆண்டுக்கு 3102. கி.மு.வுக்கும் கி.பி.க்கும் நடுவில் பூஜ்ய வருஷம் இல்லாததால் வருகிற குழப்பம் இது. தனக்கு 23 வயதானபோது கலியில் 3,600 ஆண்டு கழிந்திருந்தது என்கிறார் ஆரியபடர். அது கி.பி. 499. கூட்டிப் பார், சரியாக இருக்கும்.

ஆள் தேர்வும் எனக்கு உறுத்துகிறது. கற்பனை ராஜா எதற்கு? முதல் மனுவான ஸ்வாயம்புவர் ராஜ்யத்தை விட்டு மனைவி சதரூபையோடு காட்டுக்குப் போய், சுனந்தா நதிக்கரையில் ஒற்றைக்காலில் நூறு வருஷம் நின்றவர். அடுத்து வரப்போகிற மனு சாவர்ணி, நாட்டைப் பறிகொடுத்துக் காட்டில் திரிந்த சுரதன் என்ற ராஜா. இப்போதைய மனு வைவஸ்வதனோ பாகவதப்படி திராவிட தேசத்து ராஜா சத்தியவிரதன்! கிருதமாலை ஆற்றில் தர்ப்பணம் பண்ணும்போது உள்ளங்கைத் தண்ணீரில் ஒரு மீன்குஞ்சு. கமண்டலத்தில் விட்டால் ஒரே ராத்திரியில் இடம் போதவில்லை. பானை, குளம், ஏரி, கடைசியில் கடல். அந்தக் கிருதமாலை உங்க மதுரைக் கிருதுமால்தான் என்பார்கள். இன்றைக்கு இருக்கிற அழுக்கில் அதில் கை வைக்க எந்த ராஜாவும் துணியமாட்டான்.

விளையாட்டை விடு. காலத்தை ஆள்வது என்றால் என்ன என்று உன் மூன்றாம் காட்சி கேட்கிறது, பதில் சொல்லாமலே முடிகிறது. பதில் சங்கல்பத்தில், சடங்கு தொடங்கும்போது காலத்தையும் இடத்தையும் சொல்கிற அந்த வாசகத்தில் இருக்கிறது. தர்ப்பணத்தில் வாத்தியார் ‘வைவஸ்வத மன்வந்தரே’ (வைவஸ்வத மனுவின் காலத்தில்) சொல்லி, கலியுகம் தாண்டி, ‘சாலிவாஹன சகாப்தே’க்கு, அதாவது சக ஆண்டுக் கணக்குக்கு வருவார். வரி வாங்கவோ தண்டிக்கவோ அந்த ராஜாக்களில் யாரும் இல்லை. ஆனாலும் அந்தப் பேர்களைச் சொல்லாமல் இன்றைய தேதியைச் சொல்ல முடியாது. 1957 மார்ச் 22 முதல் சக ஆண்டுதான் தேசிய நாள்காட்டி. அந்தக் கணக்குக்குப் பேர் தந்த சகர்கள் என்ற பழைய அரச வம்சத்தார் போய் எத்தனையோ நூற்றாண்டு ஆகியும் தில்லி அரசிதழ் அவர்கள் கணக்கிலும் தேதி போடுகிறது. இதை மனுவின் வாயில் வை, கை தட்டுவார்கள்.

திருத்திய பிரதியைப் பொங்கலுக்கு முன்னால் அனுப்பு. பட்டாபிக்கு மீன் வேஷம் கொடு. காட்சிக்குக் காட்சி பெருத்துக்கொண்டே போகிற வேஷம், அவனுக்கு ஒத்திகையே வேண்டாம்.

உன்,
ரகு