உன் மகள் கோதாவில் இறங்கினால்

அன்புத் தோழிக்கு,

கண் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது. ஆனால் உன் உடல்நலத்தை நாலே வரியில் முடித்துவிட்டு, மிச்சக் கடிதம் முழுக்க, என்னைப்போல் மேடை மல்யுத்தத்தில் இறங்க நினைக்கும் மகளைப் பற்றியே எழுதியிருக்கிறாய். சொட்டு மருந்து விடுகிற கண்ணோடு இவ்வளவு எழுதலாமா? மருத்துவர் பார்த்தால் திட்டுவார்.

என் பாடு சுருக்கமானது. வலது முட்டி முழுதாகத் தேறவில்லை. கயிற்றின் மேலேறிப் பாயக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள். அதனால் இப்போது பெரும்பாலும் பயிற்சி கொடுக்கிறேன். ஆள் குறைந்த நாளில் நடுவர் சட்டையை மாட்டிக்கொண்டு நிற்கிறேன். தோற்பவரைவிட நடுவருக்குத்தான் வசவு அதிகம் என்பது எனக்கு இப்போதுதான் தெரிகிறது.

சரி, உன் கேள்வி. ஆண்களோடு மோதுகிற தொழிலுக்குப் போய் எலும்பை முறித்துக்கொண்டு வந்து நின்றால் என்ன செய்வது என்று கேட்டிருக்கிறாய். முதலில் கோதாவின் தளத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பார்ப்பவர்கள் அதை மெத்தை என்று நினைக்கிறார்கள். இரும்புச் சட்டத்தின் மேல் மரப்பலகை, அதன் மேல் மெல்லிய நுரைப் பாய், அதற்கு மேல் இழுத்துக் கட்டிய கான்வாஸ். அவ்வளவுதான். தூக்கிப் போட்டவர் ஆணா பெண்ணா என்பது பலகைக்குத் தெரியாது.

அதனால்தான் எந்த ஒழுங்கான பயிற்சிக்கூடத்திலும் முதலில் விழக் கற்றுத்தருகிறார்கள். முகவாய் நெஞ்சோடு ஒட்டியிருக்க வேண்டும், இல்லையென்றால் பின்மண்டை மோதும். மேல்முதுகு தட்டையாகப் பட வேண்டும். அதே நொடியில் இரண்டு கைகளும் தரையை அறைய வேண்டும், மூச்சு வெளியே போய்க்கொண்டிருக்க வேண்டும். பின்னால் சாயும்போது கையை ஊன்றிக்கொள்ளத்தான் எந்த உடம்பும் பார்க்கும். அந்தப் பழக்கத்தைக் களைவதற்குள் பலர் ஓடிவிடுவார்கள். கயிற்றில் மோதித் திரும்பப் பழகும்போது அக்குளுக்குக் கீழே நீலம் பாரித்துக் கிடக்கும். உன் மகள் அதைக் காட்டினால் பதறாதே, எல்லோருக்கும் வருவதுதான்.

இனி ஆண், பெண் சங்கதி. யார் வெல்வது என்பது முன்பே பேசி முடிவாகிவிடும் என்று உனக்குத் தெரியும். தெரியாதது இது: தன்னைவிடக் கனமான ஒருவனை அவள் தோளுக்கு மேல் தூக்கி எறியும்போது பாதி வேலையை அவன் கால்கள் செய்கின்றன. சரியான நொடியில் அவன் எகிற வேண்டும், வயிற்றை இறுக்கிக்கொள்ள வேண்டும், கீழே வரும்போது அவள் கொடுத்த திசையிலேயே வர வேண்டும். கழுத்தைக் கிடுக்கிப்பிடியில் வளைத்து முகங்கள் மறைந்திருக்கும் நேரத்தில் அடுத்து என்ன என்பதைக் காதோடு சொல்லிக்கொள்கிறோம். மணிக்கட்டை ஓர் அழுத்து அழுத்தினால் ‘சரியாக இருக்கிறாயா’ என்று பொருள். பதில் அழுத்தம் வரவில்லை என்றால் நடுவர் இரு கைகளையும் தலைக்கு மேல் குறுக்காகத் தூக்கிவிடுவார். அது நடிப்பல்ல. மருத்துவ உதவி வர வேண்டும் என்ற அடையாளம்.

என்னோடு நெடுங்காலம் மோதிய ஒருவரை உனக்கு ஞாபகம் இருக்கும், மொட்டைத் தலையும் அகன்ற மார்புமாக. கோதாவில் அவர் என்னைப் பார்த்துக் கத்திய கத்தலில் முன்வரிசைப் பெண்கள் செருப்பைக் கழற்றியிருக்கிறார்கள். அதே மனிதர் ஆட்டத்துக்கு முன் என் எதிரில் உட்கார்ந்து நகம் வெட்டிக்கொள்வார். இன்று எந்தத் தோள் வலிக்கிறது என்று கேட்டு, அந்தப் பக்கத்தைத் தொடவே மாட்டார். அவர் விழுகிற அழகில்தான் என் பலம் இருந்தது. என் தோளைக் கெடுத்தது வேறொருவன். ஒரு பெண்ணிடம் தோற்பதைத் தன் நண்பர்கள் பார்க்கிறார்களே என்ற வெட்கத்தில், தூக்கும்போது விறைத்துக்கொண்டான். எகிறவும் இல்லை. முழுக் கனமும் என் தோளில் இறங்கியது. பலசாலியைக் கண்டு நீ பயப்படத் தேவையில்லை. தோற்கக் கூச்சப்படுகிறவனோடு அவளைக் கோர்த்துவிடாமல் இருக்கிறார்களா என்று பார்.

நாலு பேர் என்ன சொல்வார்கள் என்றும் எழுதியிருந்தாய். அந்த நாலு பேர் எப்போதும் இருந்திருக்கிறார்கள். அமெரிக்காவில் மில்ட்ரெட் பர்க் 1930களில் ஊர் ஊராகப் போன கேளிக்கைக் கூடாரங்களில், தன்னைக் குறித்த நேரத்துக்குள் மல்லாத்துகிற ஆணுக்கு 25 டாலர் என்று சவால் விட்டு மோதியவர். அதில் முடிவு பேசி வைத்ததல்ல. நம் நாட்டில் ஹமீதா பானு என்ற மல்யுத்த வீராங்கனை 1954இல், என்னை வெல்பவரை மணக்கிறேன் என்று அறிவித்தார். பரோடாவில் பாபா பயில்வானை 1 நிமிடம் 34 விநாடியில் சாய்த்தார். ஆணை வென்றதற்காகக் கல்லெறி வாங்கியவரும் அவர்தான், வெற்றி எல்லாம் ஏற்பாடு என்ற பழியைச் சுமந்தவரும் அவர்தான். 2024இல் கூகுள் தன் முகப்பில் அவர் படத்தைப் போட்டபோது பலர் புதிதாகக் கண்டுபிடித்ததுபோல் வியந்தார்கள். கடைசிக் காலத்தில் அவர் பால் விற்றுப் பிழைத்தார் என்பதைத்தான் நான் என் மாணவிகளுக்கு முதலில் சொல்கிறேன்.

ஆண்டி காஃப்மன் என்ற நகைச்சுவைக் கலைஞர் 1970களின் கடைசியில் பெண்களோடு மோதினார். தன்னை வெல்பவளுக்கு 1,000 டாலர் என்றார். பெண்களுக்குச் சமையலறைதான் லாயக்கு என்று வேண்டுமென்றே சீண்டி, அரங்கம் முழுவதும் தன்னை வெறுக்கும்படி செய்தார். வில்லன் வேடத்துக்கு அது நல்ல பாடம். அதைப் பார்த்துவிட்டு அவர் நிஜமாகவே அப்படி நினைத்தார் என்று நம்பியவர்களும் உண்டு. எனக்கு அதைவிட உறுத்துவது 1999. இன்று WWE என்று அழைக்கப்படும் அமெரிக்க மல்யுத்த நிறுவனத்தில் சைனா என்ற வீராங்கனை, ஜெஃப் ஜாரெட் என்ற ஆணை வென்று இன்டர்காண்டினென்டல் பட்டம் பெற்ற முதல் பெண் ஆனார். அந்த ஆட்டத்தில் ஆயுதமாக வைத்திருந்தவை வீட்டுச் சாமான்கள்! பட்டத்தைக் கொடுக்கிற அன்றும் அவரை அடுப்படியிலிருந்து வெளியே விடவில்லை.

அந்த நிறுவனம் பிறகு ஆண், பெண் நேருக்கு நேர் மோதுவதை ஏறக்குறைய விட்டேவிட்டது. 2018இல் கலப்பு ஜோடிகளுக்கென்றே ஒரு தொடர் நடத்தினார்கள், ஆனால் ஒரு பக்கம் ஆண் வெளியேறிப் பெண் உள்ளே வந்தால் மறுபக்கமும் மாற்றியாக வேண்டும். வேறு இடங்களில் அப்படியில்லை. 2020 ஜனவரியில் டெஸ்ஸா பிளான்சர்ட் என்ற பெண், சாமி கேலிஹன் என்ற ஆணை வென்று இம்பாக்ட் என்ற மல்யுத்த நிறுவனத்தின் உலகப் பட்டத்தையே எடுத்தார். பொலிவியாவின் எல் ஆல்டோவில் கொசுவம் வைத்த பாவாடையும் பின்னல் சடையுமாகவே பெண்கள் கோதாவில் இறங்கி ஆண்களைப் புரட்டுகிறார்கள். ஆக, உன் மகளுக்கு வேலை எங்கே கிடைக்கும் என்பது எந்த நிறுவனம் எதை அனுமதிக்கிறது என்பதைப் பொறுத்தது. பெரும்பாலும் சிறிய அரங்குகள்தான்.

இன்னொரு கிளையும் உண்டு. அவள் உன்னிடம் சொல்லியிருக்க மாட்டாள், வேறு யாரோ கோணலாகச் சொல்வதற்கு முன் நானே சொல்லிவிடுகிறேன். பார்வையாளர் இல்லாமல், பணம் கட்டி வருகிறவரோடு பாய் விரித்து மோதுவது. அதிலேயே வாழ்க்கையை ஓட்டுகிற பெண்கள் இருக்கிறார்கள், அவர்களை நான் இளக்காரமாக நினைப்பதில்லை. மேடையைவிட அங்கே உண்மையான மல்யுத்தம் அதிகம். எதிரில் இருப்பவன் எகிற மாட்டான், பயிற்சியும் பெற்றிருக்க மாட்டான், எவ்வளவு பலம் என்றும் தெரியாது. அனுபவசாலிகள் முன்பணம் வாங்காமல் நேரம் கொடுக்க மாட்டார்கள். எந்தப் பிடி கூடும், எது கூடாது என்பதை முன்பே எழுத்தில் முடித்துக்கொள்வார்கள். கையால் இருமுறை தட்டினால் பிடியை விட்டுவிட வேண்டும், பேச்சே கிடையாது. தமக்குத் தெரிந்த ஒருவரைப் பக்கத்திலேயே வைத்துக்கொள்வார்கள். புதியவளுக்கு இது ஏற்ற இடமில்லை என்பது என் எண்ணம். உன் மகளிடம் அதை நானே நேரில் பேசுகிறேன், நீ தொடங்கினால் சண்டையில் முடியும்.

நீ நிஜமாகவே கவலைப்பட வேண்டியது பணத்தைப் பற்றி. ஆட்டத்துக்கு இவ்வளவு என்று கூலி. ஆட்டம் இல்லாத மாதம் கை காலி. பெரிய நிறுவனங்களிலேயே வீரர்களை ஊழியராக அல்லாமல் தனி ஒப்பந்தக்காரராகத்தான் வைத்துக்கொள்கிறார்கள், சிறிய இடங்களைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். பயணம், உடை, முட்டிக்கவசம், பிசியோதெரபி எல்லாம் கைக்காசு. பல காப்பீடுகள் இந்தத் தொழிலின் பெயரைப் பார்த்ததும் முகம் சுளிக்கும், வாங்கும்போதே தொழிலை மறைக்காமல் எழுதச் சொல். பின்னால் கைவிரிப்பதற்கு அதைத்தான் சாக்காகச் சொல்வார்கள். முட்டிக்காக நான் அலைந்த அலைச்சல் அதோடு சேர்ந்ததுதான், அதை இங்கே எழுத ஆரம்பித்தால் கடிதம் முடியாது.

படிப்பை முடிக்கட்டும் என்கிறாய். அதில் நான் உன் பக்கம். பயிற்சியைப் படிப்போடு சேர்த்துச் செய்யலாம். வேலைக்கும் போய்க்கொண்டு வார இறுதியில் ஆடுகிறவர்கள்தான் இந்தத் தொழிலில் அதிகம்.

அவள் சேர நினைக்கும் பயிற்சிக்கூடத்தின் பெயரை எழுது. அங்கே தலையில் அடிபட்டவரை எத்தனை நாள் ஒதுக்கி வைக்கிறார்கள், பயிற்சியாளர்களில் பெண் உண்டா, முதல் நாளே கையெழுத்து கேட்கிறார்களா என்று விசாரித்துச் சொல்கிறேன். ஒப்பந்தத் தாள் ஏதாவது கொடுத்திருந்தால் நகல் அனுப்பு, நான் படித்துப் பார்ப்பதற்குள் அவள் கையெழுத்துப் போட வேண்டாம். பதிலை அவளையே எழுதச் சொல். உன் கண் ஆறட்டும்.

உன்,
பழைய தோழி