கணித்த எண்ணைத் திரும்பிப் பார்ப்பது யார்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நகரப் போக்குவரத்து நெரிசல் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். மேம்பாலமா, மெட்ரோவா, பேருந்துக்குத் தனிப்பாதையா என்று கட்டுரையாளர் நன்றாகவே அலசியிருந்தார். மூன்றுக்கும் பொதுவான ஒரு கேள்வி மட்டும் விடுபட்டுப் போயிற்று. திட்ட அறிக்கையில் ‘தினமும் இத்தனை பேர் வருவார்கள்’ என்று ஓர் எண் போடுகிறார்கள். வண்டி ஓடத் தொடங்கியபின் அந்த எண் பலித்ததா என்று யார் போய்ப் பார்க்கிறார்கள்?

டென்மார்க் ஆய்வாளர் பென்ட் ஃப்ளூபியரும் அவருடைய சகாக்களும் பார்த்தார்கள். 14 நாடுகளில் 210 திட்டங்களை எடுத்துக் கணிப்பையும் நடப்பையும் ஒப்பிட்டு, 2005-இல் முடிவை வெளியிட்டார்கள். ரயில் திட்டங்களில் பத்தில் ஒன்பதில் பயணிகள் எண்ணிக்கையைக் கூட்டிச் சொல்லியிருந்தார்கள். சராசரியாக 106 சதவீதம் அதிகம்! சாலைத் திட்டங்களில் பாதிக்கு, வித்தியாசம் 20 சதவீதத்தைத் தாண்டியது. என்னை அதிகம் உறுத்தியது வேறு: அவர்கள் ஆராய்ந்த முப்பது ஆண்டுக் காலத்தில் கணிப்பின் துல்லியம் கூடவே இல்லை. கணினி வந்தது, விதவிதமான மென்பொருள் வந்தது, பிழை மட்டும் அப்படியே இருந்தது.

இந்த எண்கள் எங்கிருந்து பிறக்கின்றன என்பது எனக்குக் கொஞ்சம் தெரியும். கணக்கெடுப்பு வேலையில் சில காலம் இருந்தவன். சிக்னல் முனையில் நின்று, வண்டிக்கு ஒரு கோடு, ஐந்தாவது கோடு குறுக்கே என்று தாளில் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். நேரே போவது, இடப்பக்கம் திரும்புவது, வலப்பக்கம் திரும்புவது எல்லாம் தனித்தனி. கால்மணிக்கு ஒரு கட்டம். பிறகு எல்லா வண்டியையும் கார்க் கணக்குக்கு மாற்றுவார்கள். ஒரு பைக் ஏறக்குறைய அரைக் கார், ஒரு பெரிய பேருந்து ஏறக்குறைய மூன்று கார். சாலையில் எவ்வளவு இடம் அடைபடுகிறது என்று அறிய இது சரியான வழிதான். ஆனால் அறுபது பேர் இருக்கும் பேருந்தும், ஆளுக்கொருவராகப் போகும் மூன்று கார்களும் அதில் ஒன்றாகிவிடுகின்றன. நடந்து போகிறவருக்கு அந்தத் தாளில் கட்டமே கிடையாது.

வீடு வீடாகப் போய்க் கேட்கும் படிவம் இன்னொரு ரகம். ‘எதற்காகப் போனீர்கள்?’ என்ற கேள்விக்கு வேலை, படிப்பு, கடை, மற்றவை என்று நான்கு விடைகள். ஒரு பெண்மணி, குழந்தையைப் பள்ளியில் விட்டு, மாமியாருக்கு மாத்திரை வாங்கிக் கொடுத்துவிட்டு, அதன்பின் அலுவலகம் போனதாகச் சொன்னார். மேற்பார்வையாளர் சற்றும் யோசிக்காமல், “வேலைன்னு போட்டுடு” என்றார். மாட்ரிட் பேராசிரியர் இனெஸ் சான்செஸ் தெ மதாரியாகா இத்தகைய ‘பராமரிப்புப் பயணங்களை’த் தனித் தலைப்பில் எண்ணச் சொல்லிப் பல ஆண்டுகளாக வாதாடி வருகிறார். படிவங்கள் மெதுவாகத்தான் மாறுகின்றன.

இப்படிச் சேர்த்த எண்களை, வருங்காலப் பயணங்களைக் கணிக்கும் கணித மாதிரிக்குள் போடுவார்கள். எத்தனை பயணம், எங்கிருந்து எங்கே, எந்த வாகனத்தில், எந்த வழியில் என்ற நான்கு படிகள். 1950-களில் அமெரிக்க நகரங்களான டெட்ராய்ட், சிகாகோவில் நடந்த ஆய்வுகளில் உருவான முறை. இன்றும் அடித்தளம் அதுதான். சாலை அகலமானால் அதனாலேயே புதிய பயணங்கள் முளைக்கும் என்பதை இந்த மாதிரியின் எளிய வடிவம் கண்டுகொள்வதில்லை. பிரிட்டிஷ் அரசுக்கு ஆலோசனை சொன்ன நிபுணர் குழு 1994-லேயே இதை எழுதிக் கொடுத்துவிட்டது. பெருநகரங்களுக்குள் செல்லும் நெடுஞ்சாலைகளில் தடங்களின் நீளம் கூடும் அதே விகிதத்தில் வண்டியோட்டமும் கூடுகிறது என்று அமெரிக்கத் தரவுகளைக் கொண்டு பொருளியலாளர்கள் டுரான்டன், டர்னர் இருவரும் 2011-இல் காட்டினார்கள். ஆக, ‘நெரிசல் இத்தனை நிமிடம் குறையும்’ என்று வரும் எந்த அறிக்கையிலும், புதிதாக முளைக்கும் பயணங்களைச் சேர்த்தீர்களா என்றுதான் முதலில் கேட்க வேண்டும்.

எதிர்காலத்தை யாரால் துல்லியமாகச் சொல்ல முடியும் என்பார்கள். நியாயம்தான். எரிபொருள் விலை மாறும், தொழிற்சாலை இடம்பெயரும். ஆனால் அது வெறும் தற்செயலான பிழை என்றால் சில திட்டங்களில் கூடியும் சிலவற்றில் குறைந்தும் அல்லவா இருக்க வேண்டும்? ரயில் திட்டங்களில் பத்தில் ஒன்பது ஒரே பக்கம் சாய்ந்தது எப்படி? திட்டம் நிறைவேற வேண்டும் என்று விரும்புகிறவரே ஆலோசகருக்குக் கூலியும் கொடுக்கிறார். கேள்வித்தாள் தயாரித்தவரே பரீட்சை எழுதித் தாமே திருத்திக்கொள்வது போன்ற ஏற்பாடு இது.

திறந்தபின் மறுபடி எண்ணிப் பார்ப்பது செய்ய முடியாத காரியமும் இல்லை. இங்கிலாந்தில் பெரிய நெடுஞ்சாலைத் திட்டங்களைத் திறந்து ஓராண்டிலும் ஐந்தாண்டிலும் மறுபடி அளந்து, கணிப்போடு ஒப்பிட்டு அறிக்கை போடுகிறார்கள். ஸ்வீடன் தலைநகர் ஸ்டாக்ஹோம் இன்னும் துணிச்சல் காட்டியது. நகருக்குள் வரும் வண்டிகளுக்கு நெரிசல் கட்டணத்தை 2006 ஜனவரி 3 முதல் ஜூலை 31 வரை சோதனையாக மட்டும் வசூலித்தார்கள். கட்டண எல்லையைக் கடக்கும் வண்டிகள் சுமார் 20 சதவீதம் குறைந்தன. சோதனையை நிறுத்தி, அந்த எண்களை மக்கள் முன் வைத்து, செப்டம்பரில் வாக்கெடுப்பு நடத்தினார்கள். தொடங்குமுன் பெரும்பாலோர் எதிர்த்த திட்டத்துக்கு நகரவாசிகள் பெரும்பான்மை ஆதரவு கொடுத்தார்கள். 2007 ஆகஸ்டில் அது நிரந்தரமாயிற்று.

மறு கணக்கெடுப்புக்கான பணத்தைத் திட்ட மதிப்பீட்டிலேயே தனியாக ஒதுக்கிவிட வேண்டும். இல்லையென்றால் பிறகு யாரும் தர மாட்டார்கள். முதலில் கணித்த நிறுவனத்திடமே அந்த வேலையைக் கொடுக்கவும் கூடாது.

உங்களுக்கும் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை ஒரு மேம்பாலமோ ரயில் பாதையோ திறக்கப்பட்ட படத்தைப் போடும்போது, அறிக்கையில் கணித்த எண்ணையும் பக்கத்திலேயே அச்சிடுங்கள். ஓராண்டு கழித்து உண்மை எண்ணைக் கேட்டு, அதையும் அதே பக்கத்தில் போடுங்கள். தர மறுத்தால், மறுத்தார்கள் என்றே போடுங்கள்.

இப்படிக்கு,
நீண்டநாள் வாசகர்