கீசரை மாற்றினால் எவ்வளவு மிச்சம்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குளிர்காலம் தொடங்கியதும் பெங்களூருக் கடைகளில், பழைய கீசரைக் கொடுத்து 5 ஸ்டார் கீசர் வாங்கினால் மின்கட்டணம் பாதியாகிவிடும் என்று சொல்லி விற்கிறார்கள். அப்படி நம்பிச் சென்ற ஆண்டு வாங்கியவன் என்ற முறையில், கணக்கு எங்கே இடறுகிறது என்பதைத் தங்கள் வாசகர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன்.

கீசருக்குத் தரப்படும் நட்சத்திரம், சூடான நீரைத் தொட்டியில் சும்மா வைத்திருக்கும்போது 24 மணி நேரத்தில் எவ்வளவு வெப்பம் வெளியேறி வீணாகிறது என்பதை மட்டுமே குறிக்கிறது. நீரைச் சூடாக்க ஆகும் மின்சாரத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. ஒரு லிட்டர் நீரை ஒரு டிகிரி உயர்த்த ஒரு கிலோ கலோரி வேண்டும், ஒரு யூனிட் மின்சாரம் தருவது 860 கிலோ கலோரி. 22 டிகிரியில் வரும் குழாய் நீரை 40 டிகிரிக்குக் கொண்டுவந்து, ஆளுக்கு 20 லிட்டர் வாளி ஒன்று என நான்கு பேர் குளித்தால், நாளுக்கு 1.7 யூனிட், மாதத்துக்கு 50 யூனிட். வரியெல்லாம் சேர்த்து யூனிட்டுக்கு 7 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் 350 ரூபாய். இந்தத் தொகை எந்த கீசரிலும் ஏறக்குறைய இதேதான்.

மிச்சமாகக்கூடியது தொட்டியிலிருந்து கசியும் வெப்பம் மட்டுமே. அதையும் அளந்து பார்த்தேன். பன்னிரண்டு ஆண்டு ஓடிய என் 25 லிட்டர் கீசரை முழுவதும் சூடாக்கிவிட்டு, வீட்டில் மற்ற எல்லாவற்றையும் அணைத்துவிட்டு (குளிர்பதனப் பெட்டியை அணைத்ததற்கு வீட்டில் வாங்கிய பேச்சு தனிக்கதை), இரவு 10 மணிக்கும் காலை 6 மணிக்கும் மீட்டரைக் குறித்துக்கொண்டேன். யாரும் ஒரு சொட்டுத் தண்ணீர் திறக்காமலேயே 0.4 யூனிட் ஓடியிருந்தது. இருட்டில், நீரின் சூட்டைக் கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட் அவ்வப்போது ‘டக்’ என்று விழும் ஓசையும் கேட்டது. புதிய கீசரில் அதே சோதனைக்கு 0.2 யூனிட் ஆனது. அதாவது நாள் முழுவதும் சுவிட்சை அணைக்காமல் வைத்திருக்கும் வீட்டுக்கு மாதம் 18 யூனிட், சுமார் 126 ரூபாய் குறையும். ஆனால் எங்கள் வீட்டில் காலை ஐந்தரைக்குப் போட்டு எட்டு மணிக்கு அணைத்துவிடுவோம். குளித்தபின் தொட்டியில் மிஞ்சும் வெந்நீர் ஆறிப்போவதையும் சேர்த்துத் தாராளமாகக் கணக்கிட்டாலும், எங்களுக்கு மிச்சமாவது மாதம் 40 ரூபாய்க்கு மேல் போகாது. கொடுத்த பத்தாயிரம் ரூபாய் திரும்பிவர இருபது ஆண்டு ஆகும். எங்கள் பகுதியின் போர்வெல் உப்புத் தண்ணீரில் எந்த கீசரும் அத்தனை காலம் தாங்கி நான் பார்த்ததில்லை.

சூடாக்கும் செலவே குறைய வேண்டுமென்றால் மொட்டை மாடியில் சோலார் வைக்க வேண்டும், அல்லது காற்றிலுள்ள வெப்பத்தை இழுத்து நீருக்குத் தரும் ஹீட் பம்ப் வாங்க வேண்டும். பின்னது ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மின்சாரத்தில் அதே வேலையைச் செய்யும் என்றாலும் விலை பல மடங்கு. வாடகை வீட்டில் இருப்பவர்களுக்கு இரண்டுமே எட்டாதவை.

இன்னொன்று, கர்நாடக அரசின் இலவச வீட்டு மின்சாரத் திட்டமான கிருஹ ஜோதியில் உள்ள வீடுகள். தங்களுக்கு ஒதுக்கப்பட்ட இலவச அளவுக்குள்ளேயே நிற்பவர்களுக்கு, மிச்சப்படுத்தும் யூனிட்டால் பணமாக எதுவும் கிடைக்காது. ஆனால் மாதம் 200 யூனிட்டைத் தாண்டினால் முழு பில்லையும் கட்ட வேண்டியிருப்பதால், டிசம்பரில் 205-ல் தத்தளிக்கும் குடும்பத்துக்கு ஆறு யூனிட் குறைவதே ஆயிரம் ரூபாய்க்கு மேல் ஆதாயம். அவர்களும் கடைக்குப் போகும் முன், தெர்மோஸ்டாட்டை 60-லிருந்து 50 டிகிரிக்கு இறக்கி, குளித்ததும் சுவிட்சை அணைத்து ஒரு மாதம் பார்க்கலாம்.

எனவே, மின்சிக்கனம் பற்றித் தாங்கள் வெளியிடும் கட்டுரைகளில் நீரைச் சூடாக்கும் செலவையும் தொட்டியில் கசியும் இழப்பையும் தனித்தனியே குறிப்பிட்டு, கீசர் நாளுக்கு எத்தனை மணி நேரம் ஓடுவதாகக் கொண்டு மிச்சம் கணக்கிடப்பட்டது என்பதையும் சேர்த்து அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
அல்சூர், பெங்களூரு.