‘இருளுதல்’ என்று எழுதின மகளுக்கு

கல்லடி,
மட்டக்களப்பு.

அன்பு மகள்,

நாங்கள் சுகம். அப்பாவுக்குக் கால் நோவு குறைந்திருக்கிறது, வாய் குறையவில்லை.

சின்னவனின் தமிழ்ப் பாடத்தில் ‘ஒளிர்தல்’ என்பதற்கு எதிர்ச்சொல் கேட்டதாகவும், நீ ‘இருளுதல்’ என்று சொல்லிக் கொடுத்ததாகவும் சொன்னாய். ரீச்சர் சரி போட்டிருப்பா, போடட்டும். இத்தனை வருசம் விஞ்ஞானம் படிப்பித்த எனக்கு அது தொண்டையில் மீன்முள்ளாய் நிற்கிறது.

இருட்டு என்றால் வெளிச்சம் இல்லை, அவ்வளவுதான். இரவில் கடலில் கை அளையும்போது விரலைச் சுற்றி நீலமாய்ப் பொறி பறக்குமே, முழு நிலவில் அது கண்ணுக்கு எடுபடாது. இருட்டு இருந்தால்தான் அதைக் காணவே முடியும். பிறகெப்படி அது எதிராகும்?

1888 இல் ஜெர்மன் இயற்பியலாளர் எயில்ஹார்ட் வீடெமன் இந்த வெளிச்சத்துக்கு ‘லூமினசென்ஸ்’ என்று பெயர் வைத்தது, தணலின் வெளிச்சத்திலிருந்து அதைப் பிரித்துக் காட்டத்தான். சிரட்டைக் கரியோ இரும்போ கல்லோ, ஏறத்தாழ 525 பாகை செல்சியசில் மங்கல் சிவப்பாய்த் தெரியத் தொடங்கும். 1847 இல் ஜோன் டிரேப்பர் என்ற விஞ்ஞானி கண்டு சொன்னது. மின்மினிக்கு அந்தச் சூடு வேண்டாம். அதன் வயிற்றில் லூசிபெரின் என்ற பொருளை ஒட்சிசனோடு லூசிபெரேஸ் என்ற நொதியம் சேர்த்து வைக்கிறது, வெளிச்சம் பிறக்கிறது. பிடித்தால் கை சுடாது. ஆக, ஒளிர்வுக்கு எதிரே நிற்பதும் ஒரு வெளிச்சம்தான்.

இன்னொன்று உன் வெள்ளைச் சட்டைகளிலேயே இருந்தது. அம்மம்மா அவற்றுக்கு நீலம் போடுவா. நான் சவுக்காரத் தூளுக்கு மாறினபோது, “நீலம் போடாத வெள்ளை என்ன வெள்ளை?” என்று முகத்தைச் சுளித்தா. இரண்டும் துணியின் மஞ்சளை மறைக்கத்தான், ஆனால் வழி நேர் எதிர். நீலம், மஞ்சள் பக்கத்து வெளிச்சத்தை விழுங்கிவிடும். மஞ்சள் மறையும், கூடவே சட்டையிலிருந்து வரும் மொத்த வெளிச்சமும் கொஞ்சம் குறையும். நீலம் கூடிப்போனால் சட்டை மங்கி நிற்பது அதனால்தான். தூளிலுள்ள ஒளிர்சாயமோ கண்ணுக்குத் தெரியாத புற ஊதாவை வாங்கி நீல வெளிச்சமாய்த் திருப்பித் தரும். கொடியில் காயும் சட்டை வெயிலில் கண் கூசும். அதையே பழைய மஞ்சள் பல்பின் கீழ் கொண்டுவா, அந்த எடுப்பு இராது. அந்த பல்பில் புற ஊதா மிகக் குறைவு. விளக்கு வைத்த பிறகு மடித்துவைத்த அம்மம்மாவின் கண்ணில் பிழையில்லை.

ஆனால் சரியான எதிர் எது என்று என்னைக் கேட்டால், ஒளிரக் கூடியதை ஒளிர விடாமல் தடுப்பதைத்தான் சொல்வேன். வெளிச்சத்தை வாங்கின மூலக்கூறு அதைத் திருப்பித் தருமுன் வேறொன்று வந்து முட்டும். சக்தி வெளிச்சமாகாமலே போய்விடும். மலேரியாவுக்குக் குடித்த கொயினாவில் இதைப் பார்க்கலாம். 1852 இல் ஜோர்ஜ் ஸ்டோக்ஸ் என்ற இயற்பியலாளர் ஒளிர்வை அறிய ஆராய்ந்த கரைசல்களில் கொயினாவும் ஒன்று.

உங்கள் கடைகளில் டொனிக் வோட்டர் இருக்கும், அதில் கொயினா உண்டு. இரண்டு கண்ணாடிக் கோப்பைகளில் ஊற்றி, அறையை இருட்டாக்கி, கள்ளக் காசுத்தாள் பார்க்கும் புற ஊதா விளக்கைப் பிடி. இரண்டும் நீலமாய் ஒளிரும். ஒன்றில் கறியுப்பைப் போட்டுக் கலக்கு. விளக்கு எரிந்துகொண்டேயிருக்கும், நீரும் தெளிவாயிருக்கும், ஒளிர்வு மட்டும் இறங்கும். உப்பிலுள்ள குளோரைட்டின் வேலை அது. விளக்கைச் சின்னவன் கண்ணில் அடிக்க விடாதே. மற்றக் கோப்பையில் சீனியைப் போட்டுப் பார்க்கச் சொல்லு. என்ன நடந்ததென்று எனக்கு அவனே எழுத வேண்டும், தமிழில்.

அம்மா