கொச்சிக்குப் போனால் அரை நாள் ஒதுக்குங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

விடுமுறையில் பிள்ளைகளைக் கொச்சிக்கு அழைத்துச் செல்கிறவர்கள் படகுச் சவாரி, வணிக வளாகம் என்று முடித்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். அருகிலேயே திருப்பூணித்துறையில் ஹில் பேலஸ் இருக்கிறது. 1865-இல் கட்டப்பட்ட கொச்சி அரசர்களின் இருப்பிடம். 54 ஏக்கரில் 49 கட்டடங்கள். 1986 முதல் பொதுமக்களுக்கான அருங்காட்சியகம்.

மணிமுடிக்கும் ஆயுதங்களுக்கும் முன்னால்தான் கூட்டம் நிற்கிறது. என்னைக் கட்டிப்போட்டவை, பழங்காலப் புதைவிடங்களின் மேல் குடைபோலவும் தொப்பிபோலவும் அமைக்கப்பட்ட குடைக்கல்லும் தொப்பிக்கல்லும், கூடவே நன்னங்காடியும். நன்னங்காடி வேறொன்றுமில்லை, நம் முதுமக்கள் தாழிதான். ஆதிச்சநல்லூர், கொந்தகைத் தாழிகளைப் பற்றிப் படிக்கும் நம் மாணவர்கள், மலைக்கு அந்தப் பக்கமும் இறந்தோரை இப்படித்தான் புதைத்தார்கள் என்று கண்ணால் காண வேண்டாமா? அரசர் வாழ்ந்த வீட்டில் பெயர் தெரியாத முன்னோரின் தாழிக்கும் இடம் கிடைத்திருப்பது எனக்கு மிகுந்த நிறைவைத் தந்தது.

கோவை, பொள்ளாச்சிப் பகுதிப் பள்ளிகள் தங்கள் கல்விச் சுற்றுலாவில் இதையும் சேர்க்க வேண்டுகிறேன். திங்கட்கிழமை விடுமுறை என்பதால் அன்று மட்டும் தவிர்க்கவும்.

– ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை, பொள்ளாச்சி