டைரக்டர் தம்பிக்கு, வாய்க்கால் கரையிலிருந்து

அன்புள்ள தம்பி,

வணக்கம். எங்கள் ஊரில் நீங்கள் எடுத்த பாட்டு நல்லபடியாக வர வேண்டும். கோபிச்செட்டிபாளையம் பக்கத்துக்கு ஷூட்டிங் புதிதில்லை, சின்னக் கோடம்பாக்கம் என்றே பெயர் வாங்கிய வட்டாரம் இது. கொடிவேரி அணையில் பிரியும் தடப்பள்ளி, அரக்கன்கோட்டை வாய்க்கால்கள் 24,504 ஏக்கருக்குப் பாய்கின்றன. அந்தப் பச்சையைத் தேடித்தான் நீங்களும் வந்தீர்கள்.

அனுமதி வாங்கவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். உங்கள் மேனேஜர் எல்லாக் கடிதமும் கையில் வைத்திருந்தார், வயலுக்கு வாடகையும் கொடுத்தார். ஆனால் அந்த வயல்காரர் ஈரோட்டில் குடியிருக்கிறார். நட்டு, தண்ணீர் கட்டி, களை எடுப்பதெல்லாம் குத்தகைக்காரர். கேமரா ட்ராலி ஓட்ட உங்கள் ஆட்கள் வரப்பை வெட்டிச் சமப்படுத்தினார்கள். கட்டி வைத்த தண்ணீர் முழுக்க ராத்திரியோடு கீழ் வயலுக்கு இறங்கிவிட்டது. டான்ஸ் ஆடிய இடத்தில் நட்ட நாற்று சேற்றோடு சேறாக அமுங்கிக் கிடந்தது. அவர் போய்க் கேட்டதற்கு, “ஓனர்கிட்ட செட்டில் பண்ணியாச்சு” என்று அனுப்பிவிட்டார்கள். எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

அப்புறம் சாயங்காலப் பால். பால் சொசைட்டிக்குப் போக எங்கள் பக்கத்தில் இருப்பது அந்த வாய்க்கால் கரைத்தடம் ஒன்றுதான். உங்கள் கேமராவுக்கு வேண்டிய மஞ்சள் வெயிலும் நாங்கள் பால் ஊற்றப் போகும் நேரமும் ஒன்றாக அமைந்துவிட்டது. ஷாட் முடியட்டும் என்று கயிறு கட்டி மறித்ததில், கேனும் கையுமாகப் பெண்கள் நின்றுகொண்டே இருந்தார்கள். அதற்குள் பால் வண்டி கிளம்பிவிட்டது. கறந்த பாலை மறுநாள் காலைவரை வைத்திருக்க முடியுமா? மாட்டுக்குத் தவிடு, புண்ணாக்கு வாங்குவது அந்தக் காசில்தான். அதற்கு எந்த ஓனரிடம் செட்டில் பண்ணுவது?

பிள்ளைகளுக்கு உங்கள் ஷூட்டிங் கொண்டாட்டம்தான், அதை மறைக்கவில்லை. ஹீரோவும் வீடு வீடாக வந்து நன்றாகத்தான் பேசினார்.

அடுத்த ஷெட்யூலும் இங்கேதான் என்று கேள்விப்பட்டேன். தாராளமாக வாருங்கள். ஆனால் அதற்கு முன்னால் உதவி இயக்குநர் ஒருவரை அனுப்பி, எந்த வயலை யார் ஓட்டுகிறார், எப்போது நடவு, பால் வண்டி எத்தனை மணிக்கு என்று விசாரிக்கச் சொல்லுங்கள். பயிருக்கான பணத்தை ஓட்டுகிறவர் கையிலேயே கொடுங்கள். பால் நேரத்தில் தடத்தை மறிக்காதீர்கள். போன தடவை அழிந்த நாற்றுக்கான கணக்கை முதலில் தீர்த்துவிடுங்கள் தம்பி. மேனேஜர் வந்தால் வயலை நானே கூட்டிப் போய்க் காட்டுகிறேன்.

அன்புடன்,
தடப்பள்ளிப் பாசன விவசாயி ஒருவன்